தூண் இல்லாத போர்ட்டிகோ

திண்டிவனத்தில் எங்கள் வீட்டுக்கு வழி கேட்பவர்கள் தெருப் பெயரைச் சொல்ல வேண்டியதில்லை. தூண் இல்லாத வீடு என்றால் போதும், ஆட்டோக்காரர்கள் கொண்டுவந்து விட்டுவிடுவார்கள். ஒரு கார் தாராளமாக நிற்கும் அளவுக்குக் கான்கிரீட் போர்ட்டிகோ ஒன்று சுவரிலிருந்து வெளியே நீண்டிருக்கும். அதைத் தாங்க ஒரு தூண்கூடக் கிடையாது. அறுபதுகளில் ஒரு வக்கீல் மெட்ராசில் எங்கோ பார்த்துவிட்டு வந்து ஆசைப்பட்டுக் கட்டிய வீடு. தட்டையான கூரை, வளைந்து திரும்பும் வராந்தா முனை, பச்சையும் கறுப்புமாகக் கல் பதித்த மொசைக் தரை, மாடிப்படியை ஒட்டித் தரையிலிருந்து கூரை வரைக்கும் ஓட்டை ஓட்டையாகச் சிமெண்ட் ஜாலி. மதிய வெயிலில் அந்த ஜாலியின் நிழல் படிப்படியாகக் கீழே இறங்கி வரும்.

இப்போதெல்லாம் புதுச்சேரிப் பக்கமிருந்து கட்டடக்கலை படிக்கிற பிள்ளைகள் வந்து படமெடுத்துப் போகிறார்கள். போர்ட்டிகோவின் நட்டநடுவில் நின்று அண்ணாந்து பார்த்து, எவ்வளவு தைரியமாகக் கட்டியிருக்கிறார்கள் என்று வியக்கிறார்கள். முனையில், தரையில் இரண்டு இடங்கள் மட்டும் குழிந்திருக்கின்றனவே, அது என்ன என்றும் யாராவது கேட்பார்கள். முட்டுக் கொடுத்த இடம் என்று சொல்லி நிறுத்திக்கொள்வேன். மீதியைச் சொல்ல ஆரம்பித்தால் அவர்கள் பஸ்ஸைத் தவறவிட்டுவிடுவார்கள்.

அப்பா பள்ளிக்கூட வாத்தியார். அம்மா விழுப்புரத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் கட்டட வரைபடம் வரைகிற வேலையில் இருந்தாள். தினமும் காலை ரயிலில் போய் மாலை ரயிலில் வருவாள். அம்மாவைப் பெற்றவர்கள் வானூர்ப் பக்கம் மல்லாட்டை என்கிற நிலக்கடலை போட்ட கொல்லைகளில் கூலி வேலை செய்தவர்கள். ஒழுகும் கூரைக்கு அடியில் பாத்திரத்தை வைத்துவிட்டு, பாத்திரத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து படித்தவள் அவள். வக்கீலின் பிள்ளைகள் வெளியூரில் தங்கிவிட்டதால் நாங்கள் முதலில் இந்த வீட்டுக்கு வாடகைக்கு வந்தோம், பிறகு எப்படியோ வாங்கியும் விட்டோம். அன்று முதல் இந்த வீட்டில் அம்மாவின் சட்டம்தான்.

சுவரில் ஆணி அடிக்கக் கூடாது. மொசைக் மேல் டைல்ஸ் ஒட்டுகிற பேச்சை யாரும் எடுக்கக் கூடாது. கொசு வருகிறது, அணில் வருகிறது என்று ஜாலியை அடைக்கச் சொன்ன சொந்தக்காரர்களுக்கு அடுத்த முறை காபி கொஞ்சம் ஆறித்தான் வரும். ஞாயிற்றுக்கிழமையானால் பழைய டூத் பிரஷ் ஒன்றைக் கையில் கொடுத்து என்னை ஜாலி முன்னால் உட்காரவைத்துவிடுவாள். தெருவில் மற்ற பிள்ளைகள் எல்லாம் டிவி பார்த்துக்கொண்டிருக்க, நான் சிமெண்டுக்குப் பல் தேய்த்துவிட்டுக்கொண்டிருந்தேன். வக்கீல் மட்டும் உயிரோடு என் கையில் கிடைத்திருந்தால் நாலு வார்த்தை கேட்டிருப்பேன்.

சொந்தக்காரர்களுக்கு இந்த வீட்டில் இன்னொரு மனக்குறையும் இருந்தது. எங்கள் பக்கத்தில் வீடு கட்டுகிறவர்கள் மொட்டை மாடியில் தூண் கம்பிகளை நீட்டி விட்டுவைப்பார்கள். நாளைக்கு மாடி எடுக்க வேண்டுமல்லவா? கம்பி துருப்பிடித்து வளைந்துபோனாலும் சரி, அது நீட்டிக்கொண்டிருந்தால்தான் அந்த வீட்டில் வளரப்போகிறவர்கள் இருக்கிறார்கள் என்று அர்த்தம். எங்கள் மொட்டை மாடியோ வழித்துவிட்ட மாதிரி முடிந்திருந்தது. "மேல ஒரு கம்பிகூட வுடல, கீழ ஒரு தூணும் வைக்கல. இன்னா வூடு வாங்கினான் இவன்?" என்று என் பெரியப்பா கேட்காத விசேஷம் கிடையாது.

அப்பாவின் அண்ணனான பெரியப்பா விழுப்புரத்தில் சித்தாளாக ஆரம்பித்து, மேஸ்திரியாகி, பிறகு காண்டிராக்டரும் ஆனவர். அப்பா கைக்குழந்தையாக இருக்கும்போதே தாத்தா காய்ச்சலில் போய்விட்டாராம். அப்பாவுக்குப் பெரியப்பா சொன்னது அதுதான். மண் சுமந்து, செங்கல் சுமந்து, தம்பியை வாத்தியாராக்கினார் பெரியப்பா. அதனால் அவர் எது சொன்னாலும் அப்பா தலையாட்டுவார். அம்மா எது சொன்னாலும் தலையாட்டுவார். இரண்டு பேரும் ஒரே நேரத்தில் வேறு வேறு சொன்னால் மட்டும் அப்பாவுக்குக் கழுத்து வலி வந்துவிடும்.

பெரியப்பா கட்டுகிற வீடுகளைப் பற்றி ஊரில் ஒரு கிண்டல் உண்டு. குளியலறை கட்டச் சொன்னாலும் நாலு தூண் எழுப்பாமல் விடமாட்டார் என்பார்கள். அவரிடம் வேறு சில விநோதங்களும் இருந்தன. விழுப்புரம் பஸ் ஸ்டாண்டில் ஊரே நிழலுக்காகக் கூரைக்கு அடியில் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கும்போது, அவர் மட்டும் வெளியே வெயிலில் நிற்பார். ஏன் என்றால், காற்று வருகிறது என்பார். எங்கள் வீட்டுக்கு வந்தால் முன்வாசல் வழியாக வரமாட்டார். கேட்டைத் திறந்து, போர்ட்டிகோவை ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டே, பக்கச் சந்து வழியாகச் சுற்றிக்கொண்டு சமையலறைக் கதவைத் தட்டுவார்.

எதிர்வீட்டு அக்காதான் இதற்கு எனக்கு விளக்கம் சொன்னாள். "உங்கம்மா மேல கோவம் அவருக்கு. இந்த வூட்டை இடிச்சிட்டு மாடி எடுத்து, மேல அவரு புள்ளைய குடி வைக்கணும்னு பாக்கறாரு. உங்கம்மா விட மாட்டேங்கறாங்க இல்ல? அதான் முன்வாசலை மிதிக்கறதில்ல." எனக்கு அப்போது எட்டு வயது. இதைவிடத் தெளிவான விளக்கம் எனக்குத் தேவைப்படவில்லை. அன்றிலிருந்து பெரியப்பா வாங்கிவரும் பக்கோடாவை ஒரு கையால் வாங்கிக்கொண்டே அவரை எதிரியாகவும் பார்க்கத் தொடங்கினேன்.

அமாவாசைக்கு அமாவாசை மேல்மலையனூர் போய்விட்டு நேராக எங்கள் வீட்டுக்கு வருவார். அங்காளம்மன் சன்னதியில் வாங்கிய எலுமிச்சம்பழம் ஒன்றை அப்பாவிடம் கொடுத்து, போர்ட்டிகோ முனையில் கட்டச் சொல்வார். தான் கட்டமாட்டார். கேட்டுக்குப் பக்கத்தில் நின்று அப்பா கட்டி முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருப்பார். கான்கிரீட்டில் கறை படிகிறது என்று அம்மா முணுமுணுப்பாள். அப்பா பழைய பழத்தை அவிழ்த்து, புதிதைக் கட்டுவார். அம்மன் பழம் யார் காலிலும் மிதிபடக் கூடாது என்பதால் பழையதைப் போர்ட்டிகோ மேலேயே தூக்கிப் போட்டுவிடுவார். அங்கே யார் நடக்கப்போகிறார்கள்?

அந்த வருஷம் ஐப்பசியில் மழை விடாமல் பிடித்துக்கொண்டது. பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டிருந்தார்கள். அம்மா காலை ரயிலுக்குப் போய்விட்டாள். அப்பாவுக்குப் பள்ளியில் ஏதோ வேலை. போர்ட்டிகோவில் மொபெட்டைக் கிளப்பியவர், குடையை மறந்தது நினைவுக்கு வந்து உள்ளே வந்தார். அந்த நேரத்தில் வெளியே தொம்மென்று ஒரு சத்தம். போய்ப் பார்த்தால், போர்ட்டிகோவின் அடிப்பக்கத்திலிருந்து முறம் அளவுக்குக் காரை பெயர்ந்து மொபெட்டின் சீட் மேல் விழுந்து கிடந்தது. சீட் கிழிந்து, கண்ணாடி நொறுங்கி, வண்டி சாய்ந்து கிடந்தது. அப்பா கையில் குடையோடு அதைப் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு போய் போனைச் சுழற்றினார். முதலில் அண்ணனுக்கு, அப்புறம்தான் அம்மாவின் அலுவலகத்துக்கு.

பெரியப்பா ஒரு வேனில் சவுக்குக் கம்புகளும் நாலு ஆட்களுமாக வந்து இறங்கினார். கேட்டுக்கு இந்தப் பக்கம் வரவே இல்லை. மழையில் தெருவில் நின்றபடியே ஆட்களை ஏவினார். போர்ட்டிகோவின் முனையில் இரண்டு பக்கமும் கம்பு நிறுத்தி, அடியில் ஆப்பு வைத்து, சம்மட்டியால் அடித்து இறுக்கினார்கள். "இன்னும் ஏத்து. இன்னும் ஏத்துடா. கெட்டியா நிக்கணும்" என்று அவர் கத்திக்கொண்டே இருந்தார். ஒவ்வோர் அடிக்கும் தரையிலிருந்து சிமெண்ட் தெறித்தது. அப்போதுதான் மேலே அந்தச் சத்தம் கேட்டது. பெரிய ஆள் ஒருவர் விரலில் சொடக்கு எடுத்த மாதிரி இருந்தது. போர்ட்டிகோவின் அடியில், நடுவில், குறுக்காக ஒரு கோடு விழுந்திருந்தது.

ஆட்கள் சம்மட்டியைப் போட்டுவிட்டு வெளியே குதித்தார்கள். பெரியப்பாவின் முகத்தில் ரத்தமே இல்லை.

"இது நிக்காது. இன்னிக்கே ஒடைச்சு எறக்கிடணும். ஜல்தி ஏணிய எடு."

"அவ வந்துடட்டும்ண்ணே" என்றார் அப்பா.

"அவ வர்றதுக்குள்ள வுழுந்துட்டா?"

அம்மா மதியத்துக்குள் வந்துவிட்டாள். முழுக்க நனைந்திருந்தாள். மொபெட்டைப் பார்க்கவில்லை, அப்பாவைப் பார்க்கவில்லை. கம்புகளைத்தான் பார்த்தாள்.

"யாரு இதை வைக்கச் சொன்னது? மொதல்ல கம்பை எடுங்க மாமா. உள்ள கம்பியெல்லாம் மேல் பக்கமா போட்டிருக்காங்க. கீழ இருந்து நெம்பினா வெடிக்காம இன்னா பண்ணும்?"

"கம்பி எங்க இருந்தா இன்னாம்மா? கால் இல்லாம ஒண்ணு எவ்ளோ நாளைக்கு நிக்கும்?"

"இவ்ளோ வருஷமா நின்னுக்கினுதானே இருக்குது?"

"நின்னுக்கினு இருக்கறதுதாம்மா ஒரு நாளைக்கு வுழும்."

அம்மா சொன்னது எனக்குப் பிறகுதான் புரிந்தது. ஒருநாள் என் கையை முன்னால் நீட்டச் சொல்லி, அதன் மேல் ஒரு சொம்பை வைத்துக் காட்டினாள். பாரம் தோளில் தெரிந்தது. அதேபோல்தான் போர்ட்டிகோவும் சுவரோரத்தில் மேல்பக்கக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது, விரல் நுனியில் முட்டுக் கொடுத்து நெம்பினால் வேறெங்கோ முறியும் என்றாள். ஆனால் அன்றைக்கு யாரும் யாருக்கும் எதையும் விளக்குகிற நிலையில் இல்லை. பெரியப்பா கையைக் காட்டினார். ஓர் ஆள் ஏணியைச் சாத்தி, சம்மட்டியோடு போர்ட்டிகோவின் விளிம்புக்கு ஏறத் தொடங்கினான்.

அம்மா வராந்தாவிலிருந்த ஒயர் நாற்காலியை இழுத்துக்கொண்டு வந்தாள். போர்ட்டிகோவின் நடுவில், அந்தக் கோட்டுக்கு நேர் கீழே போட்டாள். கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, பஸ்ஸுக்குக் காத்திருப்பவளைப் போல உட்கார்ந்துவிட்டாள்.

"இடிக்கறதுன்னா இடிங்க மாமா. நான் இங்கதான் உக்காந்துக்கினு இருப்பேன்."

ஏணியில் இருந்தவன் அப்படியே நின்றுவிட்டான். எதிர் வீடுகளிலிருந்து குடைகள் வந்து தெருவில் வரிசையாக நின்றன. அப்பா நிலைப்படியில் நின்றுகொண்டிருந்தார். அவர் உள்ளே இருந்தார் என்றும் சொல்ல முடியாது, வெளியே இருந்தார் என்றும் சொல்ல முடியாது. நான் அவர் காலைக் கட்டிக்கொண்டிருந்தேன்.

பெரியப்பா முதலில் திட்டினார். பிறகு சத்தம் குறைந்தது. பிறகு கெஞ்ச ஆரம்பித்தார். "எழுந்து வாம்மா. உன் வூடு உனக்கே இருக்கட்டும். நான் ஒண்ணும் கேக்கல. வெளிய வந்துடும்மா, உன் கால்ல வுழுறேன்." கேட்டை அவர் பிடித்திருந்த பிடியில் அந்த இரும்புக் கேட் கடகடவென்று ஆடியது. எதிர்வீட்டு அக்கா சொன்னதெல்லாம் எனக்கு ஞாபகம் வந்தது. நல்ல நடிப்பு என்று நினைத்தேன். அம்மா ஜெயித்துக்கொண்டிருக்கிறாள், இன்னும் கொஞ்சம்தான். எங்கள் கட்சிக்கு ஆள் கூட்டலாம் என்று அப்பாவின் காலை விட்டுவிட்டு ஓடிப்போய் அம்மாவின் மடியில் ஏறி உட்கார்ந்துகொண்டேன். மேலேயிருந்து சிமெண்ட் தூள் மாவு மாதிரி என் தலையில் விழுந்தது. அம்மாவின் உடம்பு விறைத்தது. ஆனால் அவள் எழுந்திருக்கவில்லை. இரண்டு கையாலும் என்னை இறுக்கிக்கொண்டாள்.

அப்போது பெரியப்பா வந்தார். கேட்டைத் தள்ளிக்கொண்டு, செருப்பு ஒரு பக்கம் போக, வேட்டி ஒரு பக்கம் போக, ஏதோ சத்தம் போட்டபடி போர்ட்டிகோவுக்குள் ஓடி வந்தார். அம்மாவின் கையிலிருந்து என்னைப் பிடுங்கி, நெஞ்சோடு சேர்த்துக்கொண்டு ஓடினார். கேட்டைத் தாண்டி, தெருவின் நடுவுக்கு வந்தும் நிற்கவில்லை. எதிர்வீட்டுச் சுவர் வரைக்கும் போய்த்தான் நின்றார். நான் காலால் உதைத்தேன், விடு விடு என்று அலறினேன். அவர் விடவில்லை. என் காது அவர் நெஞ்சில் அழுந்தியிருந்தது. அது அடித்துக்கொண்ட வேகத்தை அதற்கு முன் நான் எந்த மனிதரிடமும் கேட்டதில்லை. எங்கள் மேல் அவருக்கு எவ்வளவு கோபம் பார் என்று நினைத்தேன்.

வேறு எதற்கும் எழுந்திருக்காத அம்மா என் அலறலுக்கு எழுந்து வந்தாள். "புள்ளைய குடுங்க மாமா" என்று மழையில் நின்றாள். போர்ட்டிகோவில் இப்போது யாரும் இல்லை. ஒயர் நாற்காலியும் கைப்பையும்தான் இருந்தன. எல்லோரும் அதையே பார்த்தோம். அது விழவில்லை.

அந்த நேரத்தில் நிலைப்படியிலிருந்து அப்பாவின் குரல் வந்தது. வகுப்பில்கூட அவர் அப்படிக் கத்தி நான் கேட்டதில்லை.

"ரெண்டு பேரும் மேல போய்ப் பாருங்க! ஒருத்தர் கீழ இருந்தே பாக்கறீங்க, ஒருத்தர் ஆபீஸ் படத்திலயே பாக்கறீங்க. மேல இன்னா இருக்குதுன்னு யாராச்சும் ஏறிப் பாத்தீங்களா?"

பின்வாசல் வழியாக எல்லோரும் மொட்டை மாடிக்கு ஏறினோம். அங்கிருந்து குனிந்தால் போர்ட்டிகோவின் மேல்பக்கம் தெரியும். சுற்றிலும் விளிம்பு கட்டிய அந்த இடம் முழுவதும் தண்ணீர் தேங்கி, குளம் மாதிரி கிடந்தது. ஒரு காக்கை குளித்துக்கொண்டிருந்தது. எல்லோரும் திகைத்துப் போனார்கள், என்னைத் தவிர. மழைக்காலத்தில் அங்கே காக்கைகள் குளிப்பதை நான் ரொம்ப நாளாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். வக்கீல் காக்கைகளுக்காகக் கட்டிய குளம் என்றுதான் நினைத்திருந்தேன்.

முதலில் முட்டுக் கம்புகளின் ஆப்பைத் தளர்த்தி எடுத்தார்கள். பிறகு ஓர் ஆள் மூலையில் தண்ணீர் போகிற ஓட்டையைத் தேடிப் பிடித்து, நீளமான கம்பு ஒன்றை விட்டுக் குத்தினான். வேப்பிலைச் சருகு கட்டி கட்டியாக வந்தது. அதற்குப் பின்னால் கறுத்துச் சுருங்கிய உருண்டை ஒன்று வந்து விழுந்தது. பிறகு இன்னொன்று. பிறகு வரிசையாக வந்தன. அத்தனையும் மேல்மலையனூர் எலுமிச்சம்பழங்கள். தண்ணீர் கொட்டத் தொடங்கியது. அப்பா மெதுவாக அம்மாவுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார். எதிர்வீட்டு அக்கா மட்டும் சிரித்தாள். ஜாலியின் ஒவ்வோர் ஓட்டைக்கும் பிரஷ் போட்ட வீட்டில், பார்க்க வேண்டிய ஓட்டையை யாரும் பார்க்கவில்லை.

மழை விட்ட பிறகு அம்மாவின் அலுவலகத்திலிருந்து ஓர் இன்ஜினியர் வந்து, சுவரோரம் மேல்பூச்சைக் கொத்திப் பார்க்கச் சொன்னார். உள்ளே கம்பிகள் அம்மா சொன்ன இடத்தில்தான் இருந்தன. ஆனால் துரு தின்று, சில இடங்களில் துடைப்பக் குச்சி போல மெலிந்திருந்தன. அம்மா அதைப் பார்த்துவிட்டு மாடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அன்று முழுவதும் என்னை அடிக்கடி கூப்பிட்டுத் தொட்டுப் பார்த்தாள். அடியில் அகலமாகச் சாரம் கட்டி, பழைய கம்பியோடு புதுக்கம்பி பிணைத்து, மறுபடி சிமெண்ட் போட்டார்கள். வேலையைச் செய்துகொடுத்தது பெரியப்பாவின் ஆட்கள்தான். தூண் பேச்சை அவர் எடுக்கவில்லை. கடைசிவரை மொட்டை மாடியில் நின்றே மேற்பார்வை பார்த்தார். எலுமிச்சம்பழம் வருவது நிற்கவில்லை. அம்மா அதை வாங்கிச் சமையலறைக் கதவில் கட்டினாள், பழையதைத் தென்னை மரத்தடியில் புதைத்தாள். போர்ட்டிகோ கெட்டியான பிறகும் பெரியப்பா பின்வாசல் வழியாகவே வந்தார். இன்னும் கோபம் தீரவில்லை போலிருக்கிறது என்று நானும் அதை விட்டுவிட்டேன்.

சென்ற வருஷம் பெரியப்பா இறந்துபோனார். அப்பா அதற்கு முன்பே போய்விட்டார். கருமாதிக்கு அம்மாவும் நானும் விழுப்புரம் போயிருந்தோம். கூட்டமெல்லாம் கலைந்த பிறகு பெரியம்மா எங்களிடம் சொன்னாள். தாத்தா காய்ச்சலில் போகவில்லை. தாத்தாவும் பெரியப்பாவும் ஒரே கட்டடத்தில் கூலி வேலை செய்திருக்கிறார்கள். கான்கிரீட் காய்வதற்குள் சன்ஷேடின் பலகையைப் பிரிக்கச் சொல்லியிருக்கிறார்கள். அடியில் நின்று முட்டுக் கம்பை அவிழ்த்தது தாத்தா. மணல் கூடையோடு வெளியே நின்றது பெரியப்பா. அப்போது அவருக்கு மீசைகூட முளைக்கவில்லை.

"உடனே வுழலயாம். கொஞ்சம் கொஞ்சமா எறங்கிச்சாம். உள்ள ஓடி இழுத்திருக்கலாம், எனக்குக் கால் வரல, வெளியவே நின்னுட்டேன்னு தூக்கத்தில பேசுவாரு. முழிச்சிருக்கும்போது ஒரு நாளும் சொன்னதில்ல. தம்பிக்குத் தெரியவே கூடாதுன்னுட்டாரு" என்றாள் பெரியம்மா.

அம்மா திண்டிவனம் வரும்வரை பஸ்ஸில் ஜன்னல் பக்கம் திரும்பியே உட்கார்ந்திருந்தாள். ஆட்டோவில் வந்து இறங்கி, நான் கேட்டைத் திறந்தேன். அம்மா உள்ளே வந்து போர்ட்டிகோவைப் பார்த்தாள். போர்ட்டிகோ பழுதாகிக் கிடந்த நாட்களைத் தவிர, அவள் ஆயுசில் அந்த வீட்டுக்குள் வேறு வழியாக நுழைந்ததில்லை. அன்றைக்குப் பக்கச் சந்தில் திரும்பி, சுவரைப் பிடித்துக்கொண்டு மெல்ல நடந்து, பின்வாசலுக்குப் போனாள்.

சாவி என்னிடம் இருந்தது. நான் போர்ட்டிகோவின் அடியில் தனியாக நின்றேன். மீசை முளைக்காத வயதில் ஓட முடியாமல் போன கால் எனக்காக ஓடி வந்திருக்கிறது. நானோ எட்டு வயதின் பலத்தையெல்லாம் சேர்த்து அவரை உதைத்துக்கொண்டிருந்தேன். என் காதுக்குள் அந்த நெஞ்சு அப்படி அடித்துக்கொண்டதே, அது கோபம் என்றுதான் அன்றைக்கு நினைத்தேன்.